முழங்காலுக்குக் கீழே

கால்ஷீட் அதிகாலை மூன்றரைக்கு.
லிவாவின் மணல் அந்நேரம்
ஃப்ரிட்ஜில் வைத்த மாவுபோல் சில்லிட்டிருக்கும்.
மணலில் விரல்நுனியில் நிற்க யாராலும் ஆகாது.
அதனால் நாலுக்கு நாலடி ப்ளைவுட் ஒன்றைப் புதைத்து
மேலே விரற்கடை மணல் தூவி
பெயின்ட் பிரஷ்ஷால் நீவிவிடுவார்
காயல்பட்டினத்து ஹபீபுல்லா.
"பலகை இதோட முடியுது லாத்தா"
என்று ஓரத்தில் ஒரு தீக்குச்சி நடுவார்.

முப்பது விநாடி அத்தர் விளம்பரம்.
முகம் பெய்ரூத்திலிருந்து வந்திருக்கிறது,
கேரவனில் தூங்குகிறது.
கால்கள் ஷார்ஜா ரோலாவிலிருந்து
பஸ்ஸும் வேனும் மாறி வந்திருக்கின்றன.
கால்கள் நான்தான்.

பதினோரு வருஷம்.
ஒரு ரமலான் தொடரில் பணக்காரப் பெண்ணின் கனவாக,
அடுத்த ரமலானில் அவளுடைய செத்துப்போன தங்கையாக,
குழந்தைகள் சானலில் காகிதக் கப்பலாக,
வங்கி விளம்பரத்தில் வட்டி விகிதமாக.
(ஏறுவதைக் காட்ட வேண்டுமாம்.
குதிகாலை உயர்த்தினேன்.
மிச்சத்தைக் கம்ப்யூட்டரில் ஏற்றிக்கொண்டார்கள்.)

சென்னையிலிருந்தும் ஒரு படம் வந்தது.
க்ரீக் ஓரம் பாட்டு,
ஹீரோவுக்குப் பின்னால் எட்டு பாலே பெண்கள்.
நான் தமிழில் வணக்கம் சொன்னதுதான் தப்பாகிவிட்டது.
"ஃபாரின் லுக் இல்லையேம்மா" என்றார் மாஸ்டர்,
வருத்தமாகத்தான் சொன்னார்.
மத்தியானம் மின்ஸ்க் பெண்ணுக்குக் கணுக்கால் பிசகியது.
அவள் முகம், என் கால் என்று முடிவானது.
வெள்ளை ஸ்டாக்கிங்ஸுக்குள்
எல்லாக் காலும் ஃபாரின்.

எகிப்து இயக்குநர் ஒருவர் கேட்டார்,
ஒற்றைக் காலில் நின்று மறுகாலைப் பின்னால் நீட்டி
கை எதையோ எட்டப் பார்க்கிறதே,
இதற்கென்ன பேர்?
அரபெஸ்க், என்றேன்.
அவருக்குச் சிரிப்பு அடங்கவில்லை.
எங்கள் பேரா?
எங்கள் ஆட்கள் ஒருவரும் இப்படி நின்றதில்லையே!
எங்கள் ஆட்களும்தான், என்றேன்.
ஆறு டேக்.

லேபர் கார்டில் நான் டைப்பிங் சென்டர் கிளார்க்.
நடனம் என்று போட்டால் வீண் தொந்தரவு என்றார் பி.ஆர்.ஓ.
என் ஷூக்கள் நாலு நாளில் செத்துவிடும்.
முனையில் பசை ஊற்றி வெயிலில் காயவைப்பேன்.
பால்கனியில் அவற்றைப் பார்த்து
எதிர்வீட்டுப் பாகிஸ்தானிப் பையன் கேட்டான்:
"ஆன்ட்டி, இது என்ன மீன்?"

கராமா மெஸ்ஸில் ஒரு ராத்திரி
டிவியில் என் கால்கள் வந்தன.
சாம்பார் ஊற்ற வந்தவர் அண்ணாந்து பார்த்தபடி
தோசையை விட்டு மேஜைக்கு ஊற்றினார்.
"என்னமா நிக்குது பாருங்க அந்தப் பொண்ணு!"
மேஜைக்கடியில் அந்தப் பொண்ணு
செருப்பைக் கழற்றிவிட்டு
சில்லென்ற டைல்ஸில் பாதத்தை ஆற்றிக்கொண்டிருந்தாள்.
சொல்லியிருக்கலாம்.
சொன்னால் நின்று காட்டச் சொல்வார்.

போன வியாழக்கிழமை பலகை முடியுமிடத்தில்
தீக்குச்சி இல்லை.
ஹபீபுல்லா ஊருக்குப் போய்விட்டார்,
மகளுக்கு நிக்காஹ்.
புது ஆளுக்கு யாரும் சொல்லவில்லை.

எக்ஸ்ரே அறையில் மலையாளி டெக்னீஷியன்
அசையக் கூடாது என்றார்.
அதற்கு எனக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.
பிறகு வெளிச்சப் பெட்டியில் மாட்டினார்.
இரண்டாவது விரலெலும்பில் மயிரிழை ஒன்று.
அதைப் பார்க்காமல் மூலையைப் பார்த்தேன்:
பெர்பெத்துவா மச்சாது, பெண், 34.
என் கால்களும் என் பேரும்
ஒரே ஃப்ரேமில்.

இன்ஷூரன்ஸ் படிவத்தில் இரண்டு கேள்வி.
தொழில்: கிளார்க்.
காயம் எப்படி ஏற்பட்டது?
பேனாவைக் கடித்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன்.
கவுன்டர் மூடப் போகிறார்கள் என்று குரல் வந்ததும்
எழுதினேன்:
நின்றேன்.